சாம்பல் நிறம், ஐந்து மார்க்

ஒப்பந்தத்தில் எனக்கு இரண்டு வரி.
வரலாற்று ஆலோசகர் என்பது ஒன்று.
கீழே, சற்றுச் சிறிய எழுத்தில்,
சாகிறவன், மூன்றாமவன்.
சம்பளம் இரண்டாவதற்குத்தான் கொஞ்சம் கூட.

காலை ஐந்தரைக்கு ஆலோசகர்.
பெர்த்ஷயர் மலைச்சரிவில் மழை குறுக்கே பெய்ய
கூடாரத்துக்குள் நின்று சொல்கிறேன்:
இந்தக் கட்டம் போட்ட கில்ட் பிறக்க
இன்னும் முந்நூறு வருஷம் இருக்கிறது.
நாற்பத்தொன்றாம் பக்கத்தில் கிழவன் உரிக்கும் உருளைக்கிழங்கு
இப்போது கடலுக்கு அந்தப்பக்கம்
வேறு யாருடைய அடுப்பிலோ வேகிறது.
முகத்தில் நீலம் பூசுவதென்றால்
ஆயிரம் வருஷம் பின்னால் போகவேண்டும்.

டைரக்டர் ஹாலண்ட் பொறுமையாகக் கேட்பார்.
குறிப்புகூட எடுப்பார்.
பிறகு தோளில் கைவைத்து,
"ஜனங்க கில்ட்டைப் பார்க்கத்தான் வர்றாங்க, ருவாரி."

பத்து மணிக்கு நான் அதே கில்ட்டில்.
மோரக் இடுப்பில் ஊக்கு குத்துகிறாள்.
ஊக்கும் தப்பு என்கிறேன்.
"மூச்சை உள்ளே இழுங்க,
இப்போதைக்கு அதுதான் சரித்திரம்."

என்னோடு சாக நாற்பது பேர்.
டண்டீயில் பல்மருத்துவம் படிக்கிற பையன்கள்,
எண்ணெய்க் கிணற்றில் வேலை போன இருவர்,
விடுப்பு எடுத்து வந்த ஒரு தபால்காரர்.
மழை விட்டதும் மிட்ஜ் பூச்சிகள் எழுந்தன,
கொசுவுக்குத் தம்பிகள், கூட்டம் கூட்டமாக.
அந்தப் படத்தில் காலத்துக்குப் பொருந்தியவை
அவை மட்டும்தான்.

ஏழு முறை விழுந்தேன்.
எட்டாவதற்கு முன் ஹாலண்ட் வந்து
சேற்றில் என் பக்கத்தில் குந்தினார்.
"சரியாத்தான் விழறீங்க. ஆனா யாரும் சாகலை.
யார் இவன்? பேர் என்ன?"

பேர் இல்லை என்றேன், படுத்தபடியே.
அந்தச் சண்டைக்கு ஒரு கணக்கேடு உண்டு,
எதிர்ப்படைக் குமாஸ்தா எழுதியது.
செத்த குதிரைக்கு ராஜா பணம் தரவேண்டும்,
அதனால் குதிரைகள் எல்லாம் அதில் இருக்கின்றன.
நெற்றியில் வெள்ளை விழுந்த கறுப்பு, பன்னிரண்டு மார்க்.
சாம்பல் நிறம், ஒரு கண் மங்கல், ஐந்து மார்க்.
ஒரு குளிர்காலம் முழுக்க எழுத்தெழுத்தாய்ப் படித்தேன்.
அந்தச் சாம்பல் குதிரை தெருவில் எதிரே வந்தால்
நின்று தடவிக்கொடுத்திருப்பேன்.
அதற்கு எதிரே ஈட்டியோடு நின்றவர்கள்
"மற்றும் பலர்".

"சரி, ஆலோசகர் போய் டீ குடிக்கட்டும்.
நடிகர்கிட்ட கேக்கறேன். பேர் என்ன?"

முப்பது வருஷமாக, ஆதாரம் இல்லாமல்
ஒரு பொத்தானைக்கூடத் தைக்கவிட்டதில்லை நான்.
வாயில் சேறு. காதுக்குள் ரத்தம்,
சர்க்கரைப் பாகில் செய்தது.
கில்லக்ரிஸ்ட் என்றேன்.
தோல் பதனிடுகிறவன்.
எவ்வளவு கழுவினாலும் கையில் அந்த வாடை போகாது,
பந்தியில் கடைசியில்தான் உட்காருவான்.
இடது செருப்பு அவனுடையதல்ல.
எங்கிருந்து வந்தது இதெல்லாம்?
ஏட்டில் இல்லை.

எட்டாவது முறை
கையை முகர்ந்துகொண்டே செத்தேன்.
தபால்காரர் ஈட்டியைப் போட்டுவிட்டு ஓடிவந்து
அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார்.
வசனத்தாளில் இல்லாதது.
'கட்' சொல்ல ஹாலண்டுக்குக் கொஞ்சம் நேரம் பிடித்தது.

இரவு விடுதியில் அறிக்கை எழுதினேன்.
பிழைகள் முப்பத்தேழு.
முப்பத்தெட்டு என்று இலக்கம் போட்டு
கில்லக்ரிஸ்ட் என்று எழுதி,
அடிக்கப் போய், அடிக்காமல்
விளக்கை அணைத்தேன்.

படம் அடுத்த வசந்தத்தில் வந்தது.
என் சாவு இரண்டு நொடி.
கில்ட் பளிச்சென்று தெரிந்தது.
எல்லோரும் எழுந்து போனபின்
பெயர்கள் மேலேறுவதைப் பார்த்து உட்கார்ந்திருந்தேன்.
குதிரைகள் நான்கு, நான்கின் பெயரும் வந்தன.
தபால்காரரைத் தேடலாம் என்று நிமிர்ந்தேன்.
அப்போதுதான் உறைத்தது,
அவர் பெயரை நான் கேட்கவேயில்லை.